மண்ணுக்குள் ஒரு சாட்சி

நுழையும்முன்

மலைகளும் ஓடைகளும் நிலத்தின் வரலாற்றைத் தாங்கி நிற்பவை. அவ்வரலாற்றை அறிய இருவகைச் சான்றுகள் நமக்குத் துணைபுரிகின்றன. ஒன்று, பாறையில் பதிந்து கிடக்கும் புதைபடிவம். மற்றொன்று, பழம்பெரும் மரபின் எச்சமாக இன்றும் உயிர் வாழும் விலங்கு. ஐரோப்பியப் பாறையொன்றில் கிடைத்த சாலமாண்டரின் எலும்புக்கூட்டையும், ஸ்ரீவில்லிபுத்தூர் மலைச்சரிவில் வாழும் ஒரு தவளையையும் அருகருகே வைத்து நோக்கும்போது, அறிவியல் எவ்வாறு உண்மையை நெருங்குகிறது என்பது புலப்படும்.

கல்லில் கிடந்த 'மனிதன்'

ஜெர்மனியில் கான்ஸ்டன்ஸ் ஏரிக்கு அருகில் உள்ள ஊர் ஓனிங்கன். அங்குள்ள சுண்ணாம்புக் கல் குவாரியில் பதினெட்டாம் நூற்றாண்டின் முற்பகுதியில் வியப்பான புதைபடிவம் ஒன்று கிடைத்தது. அகன்ற தலையோடும் நீண்ட முதுகெலும்பும் கொண்ட அதனைச் சூரிச் நகர மருத்துவரும் இயற்கை ஆய்வாளருமான யோகான் யாக்கோப் ஷாய்க்சர் ஆராய்ந்தார். பண்டைக்காலப் பெருவெள்ளத்தில் மூழ்கி இறந்த மனிதனின் எலும்புக்கூடே அது என்று 1726ஆம் ஆண்டு அறிவித்தார். 'வெள்ளத்தைக் கண்ட மனிதச் சாட்சி' என்னும் பொருள்பட இலத்தீன் மொழியில் அதற்குப் பெயரும் சூட்டினார்.

ஷாய்க்சர் கல்லாதவர் அல்லர்; புதைபடிவங்கள் முற்காலத்தில் வாழ்ந்த உயிர்களின் எச்சங்களே என்று வலியுறுத்திய முன்னோடிகளுள் ஒருவர். எனினும், தாம் காண விரும்பியதையே அவர் அக்கல்லில் கண்டார். பின்வந்தோர் ஐயம் எழுப்பினர். அது பெரிய கெளுத்தி மீனாக இருக்கலாம் என்றார் ஒருவர். ஊர்வனவற்றைச் சேர்ந்தது என்றார் மற்றொருவர். இவ்வாறு ஏறத்தாழ எண்பது ஆண்டுகள் கழிந்தன.

பிரான்சு நாட்டு உடற்கூற்று அறிஞர் ஜார்ஜ் கூவியே அதனைச் சாலமாண்டர் என்று கணித்தார். அப்போது அப்புதைபடிவம் நெதர்லாந்தின் ஹார்லெம் நகரிலுள்ள டெய்லர் அருங்காட்சியகத்தில் இருந்தது. 1811ஆம் ஆண்டு அங்குச் சென்ற கூவியே, உரிய இசைவு பெற்று, எலும்புக்கூட்டை மூடியிருந்த கல்லை மெல்லச் செதுக்கினார். அவர் எதிர்பார்த்த இடத்திலேயே சாலமாண்டருக்குரிய முன்னங்கால்கள் வெளிப்பட்டன. கணிப்பு மெய்யானது. 'மனிதச் சாட்சி' வெறும் நீர்வாழ் விலங்காயிற்று. ஆனால், அறிவியல் ஒரு பெரிய உண்மையைப் பெற்றது. ஏறத்தாழ 1 கோடியே 30 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்னர் ஐரோப்பிய ஏரிகளில் ஒரு மீட்டர் நீளமுள்ள பெருஞ்சாலமாண்டர்கள் வாழ்ந்தன என்பதே அவ்வுண்மை.

ஷாய்க்சரின் பெயரைத் தாங்கி, அவ்வினம் இன்று 'ஆண்ட்ரியாஸ் ஷாய்க்சரி' என அழைக்கப்படுகிறது. ஐரோப்பாவில் அது முற்றிலும் அழிந்துவிட்டது. அதன் நெருங்கிய உறவினங்கள் சீனாவிலும் ஜப்பானிலும் உள்ள மலையாறுகளில் மட்டும் எஞ்சியுள்ளன.

தெற்கில் ஏன் சாலமாண்டர் இல்லை?

சாலமாண்டர் என்பது வாலுடைய இருவாழ்வி. பார்வைக்குப் பல்லி போன்று தோன்றினும் அதற்குச் செதில்கள் இல்லை. ஈரமான மென்தோலே உண்டு. இருவாழ்விகள் இன்று மூன்று பிரிவுகளாக வாழ்கின்றன. தவளைகளும் தேரைகளும் முதற்பிரிவு. சாலமாண்டர்கள் இரண்டாம் பிரிவு. மண்ணுக்குள் வாழும் காலில்லா இருவாழ்விகளான சிசிலியன்கள் மூன்றாம் பிரிவு.

மேற்குத் தொடர்ச்சி மலையில் முதற்பிரிவும் மூன்றாம் பிரிவும் செழித்துள்ளன. ஈரமும் நிழலும் ஓடையும் நிறைந்த இம்மலையில் சாலமாண்டர் மட்டும் இல்லை. இந்தியாவில் அதனைக் காண வேண்டுமெனில் டார்ஜிலிங் போன்ற கிழக்கு இமயமலைப் பகுதிக்கே செல்ல வேண்டும். இதற்குக் காரணம் தட்பவெப்பம் அன்று, நிலத்தின் வரலாறு.

பண்டைக்காலத்தில் தென்னமெரிக்கா, ஆப்பிரிக்கா, மடகாஸ்கர், இந்தியா, ஆஸ்திரேலியா, அண்டார்டிகா ஆகியன இணைந்து கோண்டுவானா என்னும் பெருநிலமாக இருந்தன. வடக்கில் மற்றொரு பெருநிலம் இருந்தது. சாலமாண்டர்கள் பெரும்பாலும் வடநிலத்தில் தோன்றிப் பல்கியவை. இந்தியாவோ தென்னிலத்தின் பகுதி. கோண்டுவானா பிளவுற்றபோது இந்தியா மடகாஸ்கரை விட்டு விலகி, நீண்ட காலம் கடலால் சூழப்பட்ட பெருந்தீவாக வடக்கு நோக்கி நகர்ந்தது. ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகளுக்கு முன்னர் ஆசியாவோடு மோதியது. அம்மோதலின் விளைவே இமயமலை. வடநிலத்துச் சாலமாண்டர்கள் இமயத்தின் கிழக்குச் சரிவுவரை வந்தன, தென்முனையை எட்டவில்லை.

எனவே, நம் மலையின் தொன்மையை உரைக்கும் சான்றாகச் சாலமாண்டரை நாடிப் பயனில்லை. கோண்டுவானாவிலிருந்து இந்நிலத்தோடு பயணம் செய்து வந்த வேறோர் இருவாழ்வியைத்தான் நாட வேண்டும். அவ்வுயிர் நம் கால்களுக்குக் கீழேயே மறைந்திருந்தது.

மூக்கால் பெயர்பெற்ற தவளை

2003ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் 'நேச்சர்' ஆய்விதழில் எஸ். டி. பிஜு, பெல்ஜியம் நாட்டு அறிஞர் பிராங்கி போசுயிட் ஆகியோர் ஒரு கட்டுரை வெளியிட்டனர். கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில் கிடைத்த விந்தையான தவளை ஒன்றை அது அறிமுகம் செய்தது. உப்பிய உடல், கருமை கலந்த ஊதா நிறம், சிறிய கண்கள், பன்றியின் மூக்கைப் போல முன்நீண்ட முகம் ஆகியவை அதன் அடையாளங்கள். மூக்கைக் குறிக்கும் 'நாசிகா' என்னும் வடசொல்லையும் தவளையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லையும் இணைத்து அதற்கு 'நாசிகாபட்ராக்கஸ்' எனப் பெயரிட்டனர். சகியாத்ரி மலையில் வாழ்வதால் 'சகியாத்ரென்சிஸ்' என்னும் இனப்பெயர் அமைந்தது. மக்கள் வழக்கில் ஊதாத் தவளை, பன்றிமூக்குத் தவளை என்னும் பெயர்கள் நிலைத்தன.

புதிய தவளை இனங்கள் கண்டறியப்படுவது அரிய செய்தி அன்று. இத்தவளைக்கோ ஒரு புதிய குடும்பத்தையே வகுக்க வேண்டியிருந்தது. அதன் மரபணுவை ஒப்பிட்டுப் பார்த்தபோது, நெருங்கிய உறவினங்கள் இந்தியாவில் எங்கும் இல்லை என்பது தெரிந்தது. இந்தியப் பெருங்கடலின் நடுவே, 2500 கிலோமீட்டருக்கும் அப்பால் உள்ள செஷல்ஸ் தீவுகளில் வாழும் சிறு தவளைகளே அதன் உறவினங்கள்.

இங்கு ஒரு வினா எழும். தவளையால் கடலைக் கடக்க இயலுமா? அதன் தோல் நீரை எளிதில் ஊடுருவ விடும் தன்மையது. உப்புநீரில் அதன் உடலிலுள்ள நீர் வெளியேறி, அது விரைவில் மடியும். எனவே, தவளைகள் கடலைக் கடந்தன என்பதைவிட, கடல்தான் தவளைகளுக்கு இடையே புகுந்தது என்பதே பொருந்தும் விளக்கம். செஷல்ஸ் தீவுகளின் கருங்கல் நிலமும் இந்தியாவும் ஒருகாலத்தில் இணைந்திருந்து, ஏறத்தாழ ஆறரைக் கோடி ஆண்டுகளுக்கு முன்னர்ப் பிரிந்தன. டைனோசர்கள் உலவிய காலத்தில் தோன்றிய ஒரு மரபு, நிலம் பிளந்தபோது இரு கரைகளிலும் பிரிந்து நின்றது. நிலவியலார் பாறைகளைக் கொண்டு நிறுவிய கண்டப்பெயர்ச்சிக்கு இத்தவளை உயிருள்ள சாட்சியாயிற்று.

தெரிந்து தெளிவோம்

தக்காணத்தில் எரிமலைக் குழம்பு அடுக்கடுக்காய்ப் படிந்த காலத்தில், இரண்டு அடுக்குகளுக்கு இடையே நன்னீர்ப் படிவுகளும் உருவாயின. மும்பையின் வொர்லி குன்றில் உள்ள அத்தகைய படிவில் சிறு தவளைகளின் புதைபடிவங்கள் கிடைத்தன. 1847ஆம் ஆண்டு ரிச்சர்டு ஓவன் என்னும் ஆங்கிலேய அறிஞர் அவற்றை முதன்முதலில் விவரித்தார். பின்னர் அவை 'இண்டோபட்ராக்கஸ்' எனப் பெயர் பெற்றன. இந்தியா தீவாக நகர்ந்துகொண்டிருந்த காலத்துத் தவளைகளைக் கல்லில் காட்டும் அரிய சான்று இது.

கீழைச் சரிவின் புதிய இனம்

மேற்குத் தொடர்ச்சி மலைக்கு இரு முகங்கள் உள்ளன. மேற்கு முகம் கேரளத்தை நோக்கியது. சூன் மாதம் தொடங்கும் தென்மேற்குப் பருவமழையை முழுமையாகப் பெறுவது. கிழக்கு முகம் தமிழகத்தை நோக்கியது. தென்மேற்குக் காற்று மலையைக் கடக்குமுன் தன் ஈரத்தைப் பெரிதும் இழந்துவிடுவதால், இராஜபாளையமும் ஸ்ரீவில்லிபுத்தூரும் மழைமறைவுப் பகுதியில் அமைந்துள்ளன. இவ்வூர்களுக்கு நல்ல மழையைத் தருவது அக்டோபர் முதல் டிசம்பர்வரை பெய்யும் வடகிழக்குப் பருவமழையே.

இக்கிழக்குச் சரிவில், ஸ்ரீவில்லிபுத்தூர் சாம்பல் நிற அணில் சரணாலயத்தில், ஆய்வாளர்கள் மற்றோர் ஊதாத் தவளையைக் கண்டறிந்தனர். ஜெகத் ஜனனி, கார்த்திகேயன் வாசுதேவன் உள்ளிட்ட ஐவர் அதனை ஆராய்ந்து, 2017ஆம் ஆண்டு 'அலைட்டஸ்' என்னும் ஆய்விதழில் புதிய இனமாக விவரித்தனர். உடலமைப்பு, குரலொலி, மரபணு ஆகிய மூன்றும் இடுக்கித் தவளையிலிருந்து அது வேறுபடுவதைக் காட்டின. இனப்பெருக்கக் காலமும் வேறுபட்டது. மேற்குச் சரிவின் தவளை தென்மேற்குப் பருவத்தை ஒட்டி வெளிவருகிறது. கிழக்குச் சரிவின் தவளையோ வடகிழக்குப் பருவத்திற்காகக் காத்திருக்கிறது. ஒரே மலையின் இரு பக்கங்களில், இரு வேறு மழைகளுக்கு ஏற்ப இரண்டு வாழ்க்கைகள் அமைந்துள்ளன.

புதிய இனத்திற்கு 'நாசிகாபட்ராக்கஸ் பூபதி' எனப் பெயர் சூட்டப்பட்டது. ஊர்வனவற்றையும் இருவாழ்விகளையும் ஆராய்ந்த எஸ். பூபதி, கோயம்புத்தூரில் உள்ள சலீம் அலி பறவையியல் மற்றும் இயற்கை வரலாற்று மையத்தில் பணியாற்றியவர். 2014ஆம் ஆண்டு அகத்தியமலைப் பகுதியில் களப்பணியில் ஈடுபட்டிருந்தபோது விபத்தில் உயிர்நீத்தார். காட்டிலேயே தம் வாழ்வைச் செலவிட்ட அறிஞர் ஒருவரின் பெயரை, காட்டு மண்ணுக்குள் வாழும் உயிர் ஒன்று தாங்கி நிற்கிறது.

நுணலின் வாழ்க்கை

தவளை இனத்தைக் குறிக்கத் தமிழில் தேரை, நுணல், மண்டூகம் எனப் பல சொற்கள் உள்ளன. இவற்றுள் நுணல் என்பது மணலுக்குள் மறைந்து வாழும் தவளையைக் குறிக்கும். மறைந்திருக்கும் நுணல் தன் குரலாலேயே தன்னைக் காட்டிக் கொடுத்துவிடும் என்னும் கருத்தமைந்த பழமொழியும் நம்மிடம் உண்டு. பேச்சில் அடக்கம் வேண்டும் என்பதற்குச் சான்றாகக் கூறப்படும் அப்பழமொழி, கூர்ந்த இயற்கை நோக்கிலிருந்து பிறந்தது. ஊதாத் தவளையைத் தேடுவோரும் அதன் குரலையே பின்பற்றுகின்றனர். மழைக்கால இரவுகளில் ஆண் தவளை மண்ணுக்கு அடியில் இருந்தபடியே ஒலி எழுப்பிப் பெண்ணை அழைக்கும்.

ஆண்டின் பெரும்பகுதி இத்தவளை மண்ணுக்குள்தான் வாழ்கிறது. பின்னங்கால்களில் மண்வெட்டி போல் அமைந்த கடினமான புடைப்புகளால் மண்ணைத் தோண்டிப் பின்புறமாகவே உள்ளே இறங்குகிறது. பிற தவளைகளைப் போல நாவை நீட்டிப் பூச்சிகளைப் பிடிப்பதில்லை. குறுகிய வாயைக் கறையான் வழிகளில் நுழைத்துக் கறையான்களை உண்கிறது. ஆண்டில் சில நாள்கள் மட்டுமே, அதுவும் இனப்பெருக்கத்தின் பொருட்டே, மண்ணின் மேற்பரப்புக்கு வருகிறது. இவ்வளவு பெரிய மரபினை அறிவியல் உலகம் 2003வரை அறியாதிருந்தமைக்கு இம்மறைவு வாழ்க்கையே காரணம்.

ஆயினும், இதன் தலைப்பிரட்டைகளை ஆய்வாளர்கள் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே கண்டிருந்தனர். அவை எந்தத் தவளையின் குஞ்சுகள் என்பது மட்டும் தெளிவாகவில்லை. குழந்தையைக் கண்டவர்கள் தாயைக் காண ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு காத்திருக்க நேர்ந்தது. மலைவாழ் மக்கள் சிலருக்கோ இவ்வுயிர் புதியதன்று. நூலில் இடம்பெறாத அறிவும் அறிவே என்பதை இது உணர்த்துகிறது.

ஓடையின் நூறு நாள்கள்

மழை வலுத்ததும் பெண் தவளை ஓடையை நாடி வருகிறது. உடலளவில் மிகச் சிறியதான ஆண் அதன் முதுகைப் பற்றிக்கொள்கிறது. ஓடைப்படுகையின் பாறைக் குழிகளிலும் இடுக்குகளிலும் ஆயிரக்கணக்கான முட்டைகள் இடப்படுகின்றன. பின்னர்ப் பெரிய தவளைகள் மீண்டும் மண்ணுக்குள் மறைகின்றன.

முட்டையிலிருந்து வெளிவரும் தலைப்பிரட்டைகள் தேங்கிய குட்டையில் நீந்துவன அல்ல. அவற்றின் வாய் உறிஞ்சி போல் அமைந்துள்ளது. அதனால் பாறையை இறுகப் பற்றிக்கொண்டு, விரைந்தோடும் நீரிலும் அடித்துச் செல்லப்படாமல் நிற்கின்றன. பாறைமேல் படிந்த பாசியைச் சுரண்டி உண்கின்றன. இவ்வாறு ஏறத்தாழ நூறு நாள்கள் வளர்ந்த பின்னரே தவளையாக உருமாறி மண்ணுக்குள் புகுகின்றன.

இந்த நூறு நாள்கள்தாம் இவ்வினத்தின் உயிர்நாடி. ஐப்பசியிலோ கார்த்திகையிலோ முட்டை இடப்பட்டால், மழை நின்ற பின்னரும் தை, மாசிவரை ஓடையில் நீர் வழிந்தோட வேண்டும். மழை பெய்யாத நாளில் ஓடைக்கு நீர் எங்கிருந்து வரும்? அதனைத் தருவது காடு. மலைச்சரிவில் உதிர்ந்த இலைகளும் வேர்களும் மழைநீரைப் பிடித்து மண்ணுக்குள் அனுப்புகின்றன. மண் அதனைச் சிறிது சிறிதாக ஓடைக்கு விடுகிறது. மரங்கள் குறைந்தால் மழைநீர் ஒரே நாளில் வெள்ளமாகப் பாய்ந்து ஓடிவிடும். மறுவாரமே பாறை காய்ந்துவிடும். அப்போது பாறையைப் பற்றிய தலைப்பிரட்டைகள் பாறையிலேயே மடியும்.

காய்ந்த பாறை தவளைக்கு மட்டும் உரிய துன்பம் அன்று. இம்மலையில் பிறக்கும் ஓடைகளே வைப்பாற்றுப் படுகைக்கு நீரூட்டுகின்றன. முடங்கியாற்றின் நீரைத் தேக்கும் ஆறாவது மைல் நீர்த்தேக்கம் இராஜபாளையம் நகரின் குடிநீருக்குப் பயன்பட்டு வருகிறது. அடிவாரத்துக் கண்மாய்களும் தென்னந்தோப்புகளும் மாந்தோப்புகளும் நெல்வயல்களும் இந்நீரையே நம்பியுள்ளன. மழை ஓய்ந்து நூறு நாள்கள் நீர் வழியும் ஓடை, தவளைக்கு வாழ்விடம், நமக்குக் குடிநீர். எனவே, ஓடையில் தலைப்பிரட்டைகள் நலமுடன் வளர்வதைக் காட்டின் நலத்திற்கு அளவுகோலாகக் கொள்ளலாம்.

சாட்சியைக் காத்தல்

ஊதாத் தவளையை 'உயிருள்ள புதைபடிவம்' எனச் சிலர் அழைப்பதுண்டு. அத்தொடரை எச்சரிக்கையோடு கையாள வேண்டும். இத்தவளை மாற்றமின்றி உறைந்து நின்ற உயிரன்று. மண்ணுக்குள் வாழவும், கறையான் உண்ணவும், இரு வேறு பருவமழைகளுக்கு இயைந்து நடக்கவும் அது தன்னைத் தகவமைத்துக்கொண்டே வந்துள்ளது. அதன் மரபு பழையது. அதன் வாழ்க்கை இன்றையது. புதைபடிவத்திற்கு இனி அழிவில்லை. அருங்காட்சியகத்தில் வைத்தால் போதும். உயிருள்ள சாட்சிக்கோ மண், மழை, ஓடை, கறையான் யாவும் வேண்டும்.

ஓனிங்கன் பாறையில் கிடந்த சாலமாண்டரின் உறவினமாகிய சீனப் பெருஞ்சாலமாண்டர் இன்று அழிவின் விளிம்பில் நிற்கிறது. கோடி ஆண்டுகளுக்கு மேலாகத் தட்பவெப்ப மாற்றங்களைத் தாங்கிய மரபு, மனிதரின் உணவு வேட்டையாலும் ஆறுகளின் சீரழிவாலும் சில பத்தாண்டுகளிலேயே நிலைகுலைந்தது. உலகிலுள்ள இருவாழ்வி இனங்களில் ஏறத்தாழ ஐந்தில் இரண்டு பங்கு அழியும் அச்சுறுத்தலில் உள்ளதாகப் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் மதிப்பிட்டுள்ளது. தொன்மை பாதுகாப்பைத் தருவதில்லை என்பதற்கு இவை போதிய சான்று.

நம் மலைக்குச் சில அரண்கள் அமைந்துள்ளன. சாம்பல் நிற அணிலைக் காக்கும் பொருட்டு 1988ஆம் ஆண்டு ஸ்ரீவில்லிபுத்தூர் சரணாலயம் உருவாக்கப்பட்டது. 2012ஆம் ஆண்டு யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்த மேற்குத் தொடர்ச்சி மலையின் 39 பகுதிகளுள் இச்சரணாலயமும் ஒன்று. 2021ஆம் ஆண்டு இதனையும் மேகமலையையும் இணைத்து ஸ்ரீவில்லிபுத்தூர் - மேகமலை புலிகள் காப்பகம் அறிவிக்கப்பட்டது. அணிலுக்காகவும் புலிக்காகவும் காக்கப்பட்ட காடு, எவரும் அறியாதிருந்த தவளையையும் காத்து வந்துள்ளது. ஓர் உயிரைக் காக்க முற்படும்போது, பெயர் தெரியாத பல உயிர்களையும் நாம் காக்கிறோம்.

எனினும், எல்லைக்கோடு வரைவது மட்டும் ஓடையைக் காக்காது. ஓடையின் போக்கை மறிக்கும் தடுப்புகள், கரையோர மண்ணை இறுக்கும் பாதைகள், சுற்றுலாப் பயணிகள் வீசிச் செல்லும் நெகிழிக் குப்பைகள், குளிப்போர் விட்டுச் செல்லும் சவர்க்கார நுரை, தோட்டங்களிலிருந்து கசியும் பூச்சிக்கொல்லி ஆகியவை சட்டத்தின் கண்ணுக்குத் தப்பினும் தலைப்பிரட்டையின் மென்தோலுக்குத் தப்புவதில்லை. தோலாலும் மூச்சுவிடும் உயிர், நீரில் கலந்த நஞ்சை நமக்கு முன்னரே உணர்கிறது.

ஷாய்க்சர் கல்லைப் பார்த்துத் தாம் நம்பியதைப் படித்தார். கூவியே கல்லைச் செதுக்கி, அதில் இருந்ததைப் படித்தார். அறிவியல் மனப்பான்மை என்பது இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட தொலைவே ஆகும். அம்மனப்பான்மையோடு நோக்கும்போது, செண்பகத்தோப்பின் ஓடைப்பாறையும் படிக்கத்தக்க ஏடாகிறது. அதில் கோண்டுவானாவின் பழங்கதை எழுதப்பட்டுள்ளது. இராஜபாளையத்தின் நாளைய குடிநீரும் எழுதப்பட்டுள்ளது. வடகிழக்குப் பருவமழை பெய்யும் இரவில் மண்ணுக்கு அடியிலிருந்து ஒலிக்கும் அக்குரல், கண்டங்கள் பிரிவதற்கு முன்பிருந்தே தொடரும் மரபின் குரல். அது தொடர்வதும் நின்றுபோவதும் இனி மலையடிவாரத்தில் வாழும் நம் கையில் உள்ளன.

கற்பவை கற்றபின்

1. உங்கள் ஊருக்குக் குடிநீர் எந்த ஆற்றிலிருந்து அல்லது நீர்நிலையிலிருந்து வருகிறது என்பதைக் கண்டறிந்து, அதன் பிறப்பிடம் முதல் உங்கள் வீடுவரை உள்ள நீர்வழியைப் படமாக வரைக.

2. தவளையைக் குறிக்கும் வட்டாரச் சொற்களைப் பெரியோரிடம் கேட்டுத் தொகுத்து, ஒவ்வொரு சொல்லும் எவ்வகைத் தவளையைச் சுட்டுகிறது என எழுதுக.

3. 'தவளைகள் கடலைக் கடக்கவில்லை. கடலே தவளைகளுக்கு இடையே புகுந்தது' - இக்கூற்றைக் கண்டப்பெயர்ச்சிக் கொள்கையோடு பொருத்தி விளக்குக.

4. 'தொன்மை பாதுகாப்பைத் தருவதில்லை' என்னும் தலைப்பில் வகுப்பறையில் கலந்துரையாடுக.